தண்ணீர் விழுமுன் சொல்ல வேண்டிய பெயர்

பாப்பா,

யாராவது கதவைத் தட்டினால் நீ அழுகையை நிறுத்திவிடுகிறாய். வீட்டில் இதை முதலில் கவனித்தது நான்தான். உனக்கு மூன்று மாதம் இருக்கும். பால் குடித்த பிறகும் காரணமில்லாமல் அழுதுகொண்டிருந்தாய். அப்போது தண்ணீர் கேன் போடுகிற அண்ணாச்சி வந்து தகரக் கதவைத் தட்டினார். நீ சட்டென்று நிறுத்தி, இன்னும் சரியாக நிற்காத தலையை வாசல் பக்கம் திருப்பினாய். கன்னத்தில் கண்ணீர் இருந்தது, வாய் பாதி திறந்திருந்தது. யார் வந்திருப்பது என்று தெரிந்த பிறகு மீதியை அழுதுகொள்ளலாம் என்பதுபோல் இருந்தது உன் முகம். அவர் கேனை வைத்துவிட்டுப் போனதும் விட்ட இடத்திலிருந்து தொடங்கினாய். மறுநாள் நீ அழும்போது நான் பின்வாசல் வழியாகச் சுற்றிப்போய் முன்கதவைத் தட்டிப் பார்த்தேன். அன்றும் நிறுத்தினாய். அம்மாவிடம் சொன்னேன். "பிள்ளைக்குக் காது நல்லாக் கேக்குதுன்னு சந்தோசப்படு. அதுக்காகத் தட்டித் தட்டிக் கதவ ஒடச்சுராத" என்றாள்.

நீ இதை வாசிக்கும்போது எனக்கு இப்போது இருக்கிற வயதாவது உனக்கு ஆகியிருக்கும். எனக்குப் பதினேழு முடிந்திருக்கிறது. முறைப்படி நான் உன் அக்கா. போன ஞாயிற்றுக்கிழமையிலிருந்து உன் ஞானத்தாய். ஞானஸ்நானத்தில் பிள்ளையைக் கையில் ஏந்தி நின்று, அதைக் கர்த்தருக்குள் வளர்ப்பேன் என்று சபைமுன் வாக்குக் கொடுக்கிறவளுக்கு அந்தப் பெயர். அதனால் தாய் மகளுக்கு எழுதுகிற மாதிரி எழுத எனக்கும் கொஞ்சம் உரிமை உண்டு என்று வைத்துக்கொள். பேசச் சொன்னால் எனக்கு வராது. எழுதும்போது யாரும் குறுக்கே பேச மாட்டார்கள். உன் பெயர் எப்படி வந்தது என்று நீ கேட்டால் அத்தை ஒரு கதை சொல்வாள், அப்பா சிரித்துக்கொண்டு வேறொரு கதை சொல்வார். நடந்ததை நான் சொல்லிவிடுகிறேன்.

நீ அம்மாவுக்கு நாற்பத்திரண்டு வயதில் வந்தவள். உனக்கும் எனக்கும் நடுவில் வேறு பிள்ளைகள் இல்லை. அம்மா முதலில் ஏதோ வயிற்றுக் கோளாறு என்றுதான் நினைத்தாள். பாளையங்கோட்டையில் ஸ்கேன் எடுத்து வந்த அன்று அப்பா கங்கைகொண்டானுக்குக் கம்பெனி வேன் ஓட்டப் போயிருந்தார். அம்மா என்னிடம்தான் முதலில் சொன்னாள், சுவரைப் பார்த்துக்கொண்டு. அதன்பிறகு கோயிலுக்குப் போவதை நிறுத்திவிட்டாள். கட்டிக்கொடுக்கிற வயதில் மகளை வைத்துக்கொண்டு, வயிற்றையும் தூக்கிக்கொண்டு பெஞ்சில் போய் எப்படி உட்காருவது என்பாள். அப்பாவின் அக்கா, நாங்குநேரி அத்தை, செய்தி கேட்டு வந்தவள் செருப்பைக் கழற்றும்போதே, "ஏலே தம்பி, மகளுக்குப் பந்தல் போடுத நேரத்துல தொட்டில் கட்டுதியேலே" என்றாள். அத்தையைத் தப்பாக நினைத்துவிடாதே. அன்றைக்கே அம்மாவைப் படுக்கவைத்துவிட்டு மீன் குழம்பு வைத்தவள் அவள்தான். இரண்டு நாள் இருந்து வீட்டுத் துணியெல்லாம் துவைத்துப் போட்டாள். அவளுக்குப் பேச்சு முதலில் வரும், மனசு அடுத்த பஸ்ஸில் வரும்.

உன்னைப் பார்த்துக்கொள்ள நான் பள்ளிக்கூடத்தை விட்டேன் என்று யாராவது சொன்னால் நம்பாதே. நீ வருவதற்கு முன்பே, பத்தாம் வகுப்புப் பாதியில், நானாகத்தான் நின்றேன். எனக்குப் பதில் தெரியாமல் இல்லை. டீச்சர் எழுப்பிக் கேட்டால் ஒருமுறை சொல்லிவிடுவேன், மெதுவாக. "கேக்கல, இன்னொருக்க சொல்லு" என்பார்கள். அந்த இரண்டாவது முறைதான் எனக்கு வராது. முதல் தடவை சொன்னது சரியா, தப்பா, எல்லாரும் ஏன் திரும்பிப் பார்க்கிறார்கள் என்று யோசித்துக்கொண்டே நிற்பேன். தெரியாதவள் என்றே பெயர் வாங்கினேன். ஒருநாள் காய்ச்சல் என்று வீட்டில் இருந்தேன், மறுநாளும் இருந்தேன், பிறகு அப்படியே இருந்துவிட்டேன். அம்மா இரண்டு முறை கேட்டுப் பார்த்தாள், அப்பா ஒருமுறை. யாராவது கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய் விட்டிருக்கலாம் என்று இப்போது தோன்றுகிறது. உனக்கு அப்படி ஒருநாள் வந்தால் நான் இழுத்துக்கொண்டு போவேன், நீ எவ்வளவு அழுதாலும் சரி. அதற்குத்தான் சபைமுன் வாக்குக் கொடுத்திருக்கிறேன்.

எங்கள் சபையில் பெயர் வைப்பது எப்படி என்று உனக்குத் தெரிந்திருக்கும். இருந்தாலும் சொல்கிறேன். வீட்டில் எத்தனை செல்லப்பெயர் வேண்டுமானாலும் வைத்துக்கொள்ளலாம். ஞானஸ்நானத் தொட்டியருகே ஐயர், அதாவது எங்கள் குருவானவர், உள்ளங்கையில் தண்ணீரை அள்ளிக்கொண்டு, "இந்தப் பிள்ளைக்குப் பேரிடுங்கள்" என்று கேட்பார். பிள்ளையை ஏந்தி நிற்கிற ஞானத்தாய் அப்போது என்ன சொல்கிறாளோ அதுதான் பெயர். அதைச் சொல்லித்தான் பிள்ளையின் தலையில் தண்ணீர் விடுவார். தண்ணி விழுந்த பேரை மாத்தக் கூடாது என்பது எங்கள் ஆட்களின் பேச்சு. என் ஞானஸ்நானத்தில் என்னை ஏந்தி நின்றது அத்தை. முதல் நாள் வரை வீட்டில் பேசி வைத்திருந்த பெயர் வேறு. தொட்டியருகே போனதும் அத்தைக்கு என்ன தோன்றியதோ, அந்த வருடம் அவளுக்குப் பிடித்த டிவி தொடரில் வந்த நல்ல மருமகளின் பெயரைச் சொல்லிவிட்டாள். அதுதான் என் பெயர். கெட்ட மருமகளின் பெயரைச் சொல்லாமல் விட்டாளே என்று அப்பா இன்றைக்கும் சொல்லிச் சிரிப்பார்.

உன் பெயர் எங்கள் வீட்டு மாலை ஜெபத்தில் வந்தது. ஒருநாள் ஒருவர் என்று முறைவைத்து வேதம் வாசிப்போம். அன்று என் முறை. நீ என் மடியில் கிடந்தாய். பேதுருவைச் சிறையில் போட்டுவிட்டார்கள். ஒரு வீட்டில் எல்லோரும் கூடி அவருக்காக ஜெபம் பண்ணிக்கொண்டிருக்கிறார்கள். அப்போது வாசற்கதவு தட்டப்படுகிறது. யார் என்று பார்க்க ஒரு வேலைக்காரப் பெண் வருகிறாள். அவள் பெயர் ரோதை. விடுதலையாகி வந்த பேதுருவின் குரல் அது என்று அவளுக்குத் தெரிந்துவிடுகிறது. சந்தோஷத்தில் கதவைத் திறக்கவே மறந்து, உள்ளே ஓடி, அவர் வந்து வாசலில் நிற்கிறார் என்கிறாள். உனக்குப் பைத்தியம் என்கிறார்கள். அவள் விடவில்லை, திரும்பவும் சொல்கிறாள். அவருடைய தூதனாக இருக்கும் என்கிறார்கள். பேதுரு பாவம், வெளியே நின்று தட்டிக்கொண்டே இருக்கிறார். கடைசியில்தான் போய்த் திறக்கிறார்கள். அப்பாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "கதவத் தெறக்காம ஓடுனாளே, கிறுக்கச்சி" என்றார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. வேதத்தை மூடிய பிறகும் அவள் இரண்டாம் முறை சொன்னதையே நினைத்துக்கொண்டிருந்தேன். எல்லோரும் பெரியவர்கள், அவளோ வேலைக்காரி, அதுவும் சிறு பெண். பைத்தியம் என்று சொன்ன பிறகும் எப்படி அவளுக்கு வாய் வந்தது? கீழே பார்த்தேன். தட்டினால் திரும்பிப் பார்க்கிற நீ, விரலைச் சப்பிக்கொண்டு தூங்கிப்போயிருந்தாய்.

"பாப்பாவுக்கு ரோதைன்னு வைப்போமா?" என்று கேட்டேன். அம்மா அப்பாவைப் பார்த்தாள். அப்பா, "பேரு சின்னதாத்தான் இருக்கு. அக்காட்ட ஒரு வார்த்தை கேட்டுருவோம்" என்று அத்தைக்குப் போன் போட்டு ஸ்பீக்கரில் வைத்தார்.

"எவ அவ ரோதை?" என்றாள் அத்தை.

அப்பா கதையைச் சொன்னார். பாதியிலேயே அத்தை நிறுத்திவிட்டாள். "எஸ்தர்னு ஒரு ராணி இருக்கா. தெபோராள்னு ஊரையே நியாயம் விசாரிச்சவ இருக்கா. அவ்வளவு பேரையும் விட்டுட்டு வேலைக்காரி பேரையா பிள்ளைக்கு வைப்பாவ? அதுவும் கதவு தெறக்கத் தெரியாத வேலைக்காரி. பள்ளிக்கூடத்துல ரோதனைன்னு கூப்பிடுவான்வ, பாத்துக்க."

"பிள்ள ஆசப்படுதா அக்கா."

"எந்தப் பிள்ள? தொட்டில்ல கெடக்கதா, தொட்டிலை ஆட்டுதவளா?"

நான் எழுந்து அடுப்படிக்குப் போய்விட்டேன். ஆனால் அந்தப் பெயரை மட்டும் எனக்கு விட மனமில்லை. அந்த வார ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்து எல்லோரும் போகும்வரை உன்னை இடுப்பில் வைத்துக்கொண்டு தூண் அருகே நின்றேன். ஐயர் கவனித்துவிட்டு, "என்னம்மா, பிள்ளைக்கு ஜெபம் பண்ணணுமா?" என்று கேட்டார். ரோதை என்ற பெயருக்கு என்ன அர்த்தம் என்று கேட்டேன். எப்படியோ முதல் தடவையிலேயே அவருக்குக் கேட்டுவிட்டது. "ரோஜா. கிரேக்கத்துல அப்படித்தான் அர்த்தம்" என்றார். பிறகு, "இந்தப் பக்கத்துல பழைய கிறிஸ்தவங்க நெறைய பேரு வச்ச பேரும்மா அது. இப்ப யாரும் வைக்கதில்ல. பின்னால கல்லறைத் தோட்டத்துல போய்ப் பாரு" என்றார். நான் போய்ப் பார்த்தேன். எருக்கஞ்செடிக்கு நடுவே வரிசையாகக் கல்லறைகள். தொர்காள், பெர்சியாள், சலோமி என்று எங்கள் தெருவில் இப்போது யாருக்கும் இல்லாத பெயர்கள். மூன்றாவது வரிசையில் ஒரு கல்லில் கணவர் பெயரைப் பெரிதாகவும், அதற்குக் கீழே 'அவர் மனைவி ரோதை' என்று சின்னதாகவும் வெட்டியிருந்தார்கள். அவள் எப்படிப்பட்டவள் என்று எனக்குத் தெரியாது. அவளுக்கும் யாரோ ஒருத்தி தொட்டியருகே நின்று இந்தப் பெயரைச் சொல்லியிருப்பாள் அல்லவா? உன் கையைப் பிடித்து அந்த எழுத்தின் மேல் வைத்தேன். நீ கல்லை நக்கப் பார்த்தாய்.

ரோஜா என்ற அர்த்தத்தை நான் வீட்டில் சொல்லாமல் இருந்திருக்கலாம். ஞானஸ்நானத்துக்கு இரண்டு நாள் முன்னதாக வந்து இறங்கிய அத்தையிடம் அப்பாதான் ஆசையாகச் சொன்னார். "ரோஜாவா?" என்று அத்தை முகம் மலர்ந்துவிட்டது. "அத மொதல்லயே சொல்ல வேண்டியதுதானலே. அப்ப ரோஸ்லின்னு வைப்போம். அதே அர்த்தம். அவ ஆசையும் தீந்தாச்சு, கேக்கதுக்கும் நல்லா இருக்கு, நாளைக்கு வேலைக்குப் போனா நாலு பேரு வாயில நொழையும்." அப்பாவுக்கும் அது சரியாகப் பட்டது. இரண்டு பேரையும் சமாதானம் பண்ணிவிட்டோம் என்ற நிம்மதி அவர் முகத்தில் தெரிந்தது. கேக்கில் எழுதுவதற்கு ரோஸ்லின் என்றே சொல்லிவிட்டு வந்தார். எனக்கு எப்படி எடுத்துச் சொல்வது என்று தெரியவில்லை. ரோஜா எல்லோருக்கும் பிடிக்கும். எனக்கு ரோஜா வேண்டாம், வாசலுக்கு ஓடிவந்தவள்தான் வேண்டும். இதை ஒரு வீடு நிறைய ஆட்கள் முன்னால் எப்படிச் சொல்ல? தலையை ஆட்டினேன். சம்மதம் என்று எடுத்துக்கொண்டார்கள். வாய் திறக்காமல் தலையை ஆட்டினால் மற்றவர்களுக்கு வேண்டிய அர்த்தத்தைத்தான் எடுத்துக்கொள்வார்கள். இதை நீ நினைவில் வைத்துக்கொள்.

சனிக்கிழமை மதியம் அத்தையும் அப்பாவும் உனக்குச் சட்டை வாங்க மேலப்பாளையம் வழியாக ஜங்ஷனுக்குப் போயிருந்தார்கள். அம்மா உன்னைக் காலில் போட்டுக் குளிப்பாட்டிக்கொண்டிருந்தாள், நான் தண்ணீர் ஊற்றினேன். திடீரென்று, "உனக்கு எப்சிபான்னுதான் வைக்கணும்னு இருந்தேன்" என்றாள்.

நான் செம்பை அப்படியே பிடித்துக்கொண்டு நின்றேன். இத்தனை வருடத்தில் அந்தப் பெயரை அவள் என்னிடம் சொன்னதே இல்லை.

"எல்லாரும் கைவிட்ட ஊருன்னு ஒரு ஊரைச் சொல்லிக்கிட்டே இருந்தாங்களாம். இனிமே அப்படிச் சொல்ல மாட்டாங்க, என் பிரியம் இவ மேலதான்னு ஆண்டவர் அந்த ஊருக்கு வச்ச பேரு அது. கல்யாணமாகி ஆறு வருசம் கழிச்சுப் பொறந்த பிள்ள நீ. எங்கிட்ட கேக்காத கேள்வியில்ல, பேசாத பேச்சில்ல. அதனால அந்தப் பேரு."

"அப்ப ஏம்மா சொல்லல? நீயும் அங்கனதான நின்ன?"

"நின்னேன். மதினி பேரைச் சொல்லும்போது பக்கத்துலதான் நின்னேன். எனக்கு வாய் வரல. ஐயரு தண்ணிய விட்டுட்டாவ." அம்மா உன் கழுத்து மடிப்பைத் துடைத்துக்கொண்டே இருந்தாள். அங்கே துடைக்க ஒன்றும் மிச்சம் இல்லை.

"வேணும்னா பாப்பாவுக்கு அதை வைப்போமா?" என்று கேட்டேன்.

"அது உனக்குன்னு நெனச்சது. மூத்தவளுக்குச் சின்னதாப் போனா எளையவளுக்குப் போட, அது என்ன பாவாடையா?" என்றாள். பிறகு, "அந்த ரோதையத்தான் யாரும் நம்பலியே. அவள எதுக்கு உனக்கு இவ்வளவு பிடிச்சிருக்கு?" என்றாள்.

"நம்பலைன்னாலும் விடாம சொன்னாள்லம்மா."

அம்மா என்னை நிமிர்ந்து பார்த்தாள். உன்னைத் துண்டில் சுற்றி என் கையில் கொடுத்தாள். "நாளைக்கு இவளை நீயே ஏந்திக்க. மதினிகிட்ட நான் சொல்லிக்கிடுதேன்" என்றாள். பெண் பிள்ளைக்கு இரண்டு ஞானத்தாய்மார் உண்டு. ஒருத்தியாக என்னை முன்பே சொல்லிவைத்திருந்தார்கள், மற்றவள் அத்தை. அவள்தான் ஏந்தி நிற்பாள் என்றுதான் அதுவரை எல்லோரும் நினைத்திருந்தோம். அத்தை வந்ததும் அம்மா சொன்னாள், உரக்கவே சொன்னாள். அத்தை ஆச்சரியப்பட்டாள். "இவளா? ஐயரு கேட்டா இவ சத்தம் இவளுக்கே கேக்காதே. சரி, நான் பக்கத்துலதான நிப்பேன், எடுத்துக் குடுத்துக்கிடுதேன்" என்றாள்.

பாப்பா, நான் பயந்தேன். உன் பெயர் போய்விடுமோ என்று ஒரு பயம். அதைவிட, பக்கத்தில் நின்றும் வாய் வராமல் நின்றேன் என்று ஒருநாள் உன்னைக் குளிப்பாட்டிக்கொண்டே நானும் சொல்ல வேண்டிவருமோ என்ற பயம். அத்தையோடு சண்டை போட எனக்கு விருப்பமில்லை. அப்பா ஆசையாகக் கேக் சொல்லிவைத்திருக்கிறார். ரோஸ்லின் கெட்ட பெயரும் இல்லை. இதையெல்லாம் எனக்கு நானே சொல்லிக்கொண்டுதான் ஞாயிறு காலையில் உனக்கு வெள்ளைச் சட்டையைப் போட்டேன்.

கோயில் நிறைந்திருந்தது. அம்மா பல மாதங்களுக்குப் பிறகு வந்தாள். கடைசிப் பெஞ்சில்தான் உட்காருவேன் என்றவளை அத்தை கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்து முன் பெஞ்சில் உட்காரவைத்தாள். "பிள்ளையப் பெத்தவ என்னத்துக்கு ஒளியணும்? பேசுதவ பேசட்டும். மொதல்ல பேசுனவ நான்தான, நானே சொல்லுதேன்" என்றாள். அம்மாவுக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தது. எனக்கு அந்த நிமிடம் அத்தையை ரொம்பப் பிடித்தது. அதனால் இன்னும் கஷ்டமாகிவிட்டது.

மூன்றாம் பாட்டு முடிந்ததும் எங்களைத் தொட்டியருகே கூப்பிட்டார்கள். நடுவில் நான், வலப்பக்கம் அத்தை, இடப்பக்கம் ஞானத்தகப்பனாக அம்மாவின் தம்பி. கேள்விகளுக்கெல்லாம் மூன்று பேரும் சேர்ந்து பதில் சொன்னோம். சேர்ந்து சொல்லும்போது எனக்குப் பயமில்லை. வாசலில் கட்டியிருக்கிற ஒலிபெருக்கியில் எங்கள் குரல் தெருவுக்குப் போய்க்கொண்டிருந்தது. ஐயருக்குத் துணையாக நிற்கிற உபதேசியார் மைக்கை அவர் பக்கம் பிடித்திருந்தார். ஐயர் சட்டைக் கையை மடக்கி, உள்ளங்கையில் தண்ணீரை அள்ளினார். "இந்தப் பிள்ளைக்குப் பேரிடுங்கள்" என்றார்.

"ரோதை" என்றேன்.

எனக்கே கேட்கவில்லை. ஐயர் தலையைச் சாய்த்து, "என்ன பேரு?" என்றார். எனக்கு எடுத்துக் கொடுப்பதாக நினைத்துக்கொண்டு அத்தை, "ரோஸ்லின், ஐயரே" என்றாள். ஐயர் அவளைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். அவர் விரல் இடுக்கு வழியாகத் தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. "பிள்ளைய ஏந்தி நிக்கவங்க சொல்லணும்" என்றார். பின்னால் பெஞ்சுகளில் ஒரு முணுமுணுப்பு. "சொல்லுட்டி, ரோஸ்லின்னு" என்று அத்தை என் முழங்கையைத் தொட்டாள். நீ என் கழுத்துச் சங்கிலியைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தாய்.

நான் உன்னை இடது கைக்கு மாற்றிக்கொண்டு, உபதேசியாரின் கையிலிருந்த மைக்கை என் பக்கம் இழுத்து, ரோதை என்று சொன்னேன்.